வேவு பார்த்தது யார்? ஒரு மதுரை வீட்டின் நிகழ்வு ஆய்வு

மதுரையில் குடும்பச் சொத்துப் பிரிவினை வழக்குகளை நடத்தும் வழக்கறிஞர் நான். கீழே இருப்பது 2023 ஜூனில் தொடங்கி 2024 ஜூனில் முடிந்த ஒரு விவகாரம். அண்ணன், தம்பி, வேலையை இழந்த சமையல்கார அம்மா மூவரிடமும் கேட்டுக்கொண்ட பிறகே எழுதுகிறேன். பெயர்களையும் ஆளைக் காட்டிக்கொடுக்கும் விவரங்களையும் விட்டுவிட்டேன். இதில் நான் சொன்ன ஒரு யோசனை தப்பாகப் போய் ஒருவரின் பிழைப்பைக் கெடுத்தது. இதை எழுத முக்கியக் காரணம் அதுதான்.

பின்னணி

மிளகாய் வத்தல், மல்லி மொத்த வியாபாரம் செய்யும் குடும்பம். கீழமாசி வீதிப் பக்கம் மண்டி, ஊருக்கு வெளியே ஒரு கிட்டங்கி (சரக்குக் கிடங்கு), இரண்டு வீடு, கொஞ்சம் நிலம். அப்பா இருந்தவரை எல்லாம் ஒரே கணக்கு. 2021-இல் அவர் இறந்தார். ஒரு வருடம் அண்ணனும் தம்பியும் ஒரே வீட்டில் ஒப்பேற்றினார்கள். 2022 ஜூனில் தம்பி மனைவி பிள்ளைகளுடன் நகரின் வேறொரு பகுதிக்குக் குடிபோனார். பாகம் பிரிக்கும் பேச்சு நடந்துகொண்டிருந்தது, முடியவில்லை. நான் அண்ணன் தரப்பு.

அண்ணன் வீட்டில் அவர், அவர் மனைவி, கல்லூரி முடித்த மகன், கல்யாண வயதில் மகள், எண்பதை நெருங்கும் அப்பத்தா. அப்பத்தாவுக்கு இரண்டு பிள்ளைகளும் ஒன்றுதான். பெரியவன் வீட்டில் இருந்தாலும் சின்னவனிடம் தினமும் போனில் பேசுவார்.

வேலையாட்கள் நான்கு பேர். வீட்டு வேலை பார்க்கும் பெண் பதினான்கு வருடமாக இருப்பவர். டிரைவர் பாலமேடு பக்கத்துக்காரர்; அவருடைய மச்சான் தம்பி வீட்டில் கார் ஓட்டுகிறார். அடுத்து இரவு வாட்ச்மேன். நான்காவது சமையல்கார அம்மா. அவர் 2022 ஆகஸ்டில்தான் சேர்ந்தார், அதற்கு முன் தம்பி மனைவியின் உறவினர் வீடு ஒன்றில் சமைத்தவர். இந்தக் கடைசி விவரம் சேரும்போது யாருக்கும் பெரிதாகத் தெரியவில்லை. பின்னால் அது ஒன்றுதான் தெரிந்தது.

வெளியே போன விஷயங்கள்

முதலாவது நிலம். நத்தம் சாலைப் பறக்கும் பாலம் 2023-இல் திறந்தபிறகு அந்தப் பக்கம் நிலம் தேடாத வியாபாரி குறைவு. அண்ணனும் ஒரு தரகர் மூலம் 40 செண்ட் பேசினார். ஜூன் மூன்றாவது வாரம் அட்வான்ஸ் கொடுப்பதாக இருந்தது. அதற்கு இரண்டு நாள் முன் வேறொரு ஆள் நிலத்துக்காரரிடம் போய், "அவர் செண்டுக்கு நாலரைதானே தர்றார், நான் நாலே முக்கால் தர்றேன்" என்று கேட்டு முடித்துவிட்டார். அந்த ஆள் தம்பியின் கூட்டாளி என்பது பத்திரம் பதிந்தபிறகு தெரிந்தது. நிலத்துக்காரர் அண்ணனிடம் பேசியிருந்தது உண்மையில் நாலு லட்சத்து அறுபதாயிரம். நாலரை என்ற எண் எங்கிருந்து வந்தது என்று அப்போது யாரும் யோசிக்கவில்லை. நானும் யோசிக்கவில்லை.

இரண்டாவது மகளின் வரன். ஆவணியில் திண்டுக்கல் பக்கத்திலிருந்து பெண் பார்க்க வருவதாக ஏற்பாடு. நாள் குறித்தது ஒரு செவ்வாய்க்கிழமை. வியாழக்கிழமைக்குள் மாப்பிள்ளை வீட்டுக்கு ஒரு போன் போயிருக்கிறது: சொத்துத் தகராறு இருக்கிறது, கோர்ட்டுக்குப் போகும் போல் தெரிகிறது, யோசித்துச் செய்யுங்கள் என்று. அவர்கள் வரவில்லை.

மூன்றாவது உடம்பு. செப்டம்பரில் அண்ணனுக்கு நெஞ்சு வலி, ஆஞ்சியோகிராம் எடுத்தார்கள். மண்டிக்குத் தெரிந்தால் கடன் கொடுத்தவர்கள் பதறுவார்கள் என்று சொல்லாமல் வைத்திருந்தார்கள். மறுநாள் காலையில் தம்பி போன் செய்து, "அண்ணே, ஆஞ்சியோவாமே, எப்படி இருக்கு?" என்று கேட்டார்.

அக்டோபர் தொடக்கத்தில் அண்ணன் என் அலுவலகத்துக்கு வந்து சொன்ன முதல் வாக்கியம் இது: "சார், என் வீட்டுக்குள்ள ஆள் வச்சிருக்கான். யாரோ போட்டுக்கொடுக்குறாங்க. யாருன்னு கண்டுபிடிக்கணும்."

அந்தக் கேள்வியை நான் அப்படியே வாங்கிக்கொண்டேன். யார் என்று தேடுவதற்கு முன் எது போனது, எப்போது போனது, எந்த இடத்தில் பேசியது போனது என்று கேட்டிருக்க வேண்டும். நான் கேட்டது, "உங்களுக்கு யார் மேல சந்தேகம்?"

சந்தேகம் ஏன் வேலையாட்கள் மேல் போனது

அண்ணனிடம் அதற்கு ஒரு நியாயம் இருந்தது. வீட்டு ஆட்களுக்குத் தம்பியிடம் சொல்லக் காரணமில்லை. வேலையாட்களுக்குக் காசு ஒரு காரணம். தவிர, இது பழைய வழக்கு. அரசின் உயர் அதிகாரிகளின் வீட்டுக்குள் யாரை ஒற்றராக வைக்கலாம் என்று கௌடில்யரின் அர்த்தசாஸ்திரம் போடும் பட்டியலிலேயே சமையல்காரரும் தண்ணீர் கொண்டுவருபவரும் படுக்கை விரிப்பவரும் வருகிறார்கள். அண்ணன் அந்த நூலைப் படித்தவரல்ல. படிக்காமலே எல்லோர் மனதிலும் அந்தப் பட்டியல் இருக்கிறது.

நான்கு பேரில் டிரைவர் மேல் முதலில் சந்தேகம், மச்சான் உறவால். பிறகு சமையல்கார அம்மா மேல் திரும்பியது. பதினான்கு வருடப் பழக்கம் உள்ள பெண்ணைப் பற்றி அண்ணனின் மனைவி பேசவே விடவில்லை. வாட்ச்மேன் வீட்டுக்குள் வருவதில்லை.

அக்டோபரில் தனியார் துப்பறியும் நிறுவனம் என்று ஒருவர் அண்ணனை அணுகினார். நான்கு பேரின் செல்போன் அழைப்புப் பட்டியலையும் எடுத்துத் தருவதாகச் சொன்னார். அண்ணன் கிட்டத்தட்டச் சம்மதித்துவிட்டார். நான் தடுத்தேன். அந்தப் பட்டியலை உரிய அதிகாரி முறைப்படி கேட்டால்தான் செல்போன் நிறுவனம் தரும். காசுக்கு வாங்கினால் விற்றவர், வாங்கினவர் இருவருமே குற்றவாளிகள். அந்தரங்கம் அடிப்படை உரிமை என்று உச்ச நீதிமன்றத்தின் ஒன்பது நீதிபதிகள் 2017-இல் சொன்ன தீர்ப்பு சமையலறைக்கும் சேர்த்துத்தான். துப்பறியும் நிறுவனங்களை ஒழுங்குபடுத்த 2007-இல் மாநிலங்களவைக்கு ஒரு மசோதா வந்தது, சட்டமாகவில்லை. அதனால் இப்படி வருகிறவர் யார், என்ன தகுதி என்று சரிபார்க்கவும் வழியில்லை.

போலீஸில் புகார் கொடுக்கலாமா என்றும் கேட்டார். அப்போது நடைமுறையில் இருந்த இந்தியத் தண்டனைச் சட்டத்தின் 381-ஆம் பிரிவு வேலையாள் திருடினால் ஏழு வருடம் வரை தண்டனை என்கிறது. இங்கே ஒரு கரண்டிகூடக் காணாமல் போகவில்லை. பேச்சு போயிருக்கிறது. அதைத் திருட்டு என்று எழுதினால் பொய்ப் புகார் ஆகும் என்றேன்.

இதுவரை நான் சொன்னதில் தப்பில்லை என்றே நினைக்கிறேன். அடுத்தது தப்பு.

தூண்டில் சோதனை

ஒரே செய்தியை ஆளுக்கு ஒரு தேதி மாற்றிச் சொல்லி, எந்தத் தேதி வெளியே போகிறது என்று பார்க்கலாம் என்றேன். இது என் யோசனை. விருதுநகரிலிருந்து ஒரு பெரிய பார்ட்டி கிட்டங்கியை விலைக்குப் பார்க்க வருகிறார்கள் என்பது பொய்ச் செய்தி. சமையல்கார அம்மாவுக்கு வெள்ளிக்கிழமை என்றும், வேலை பார்க்கும் பெண்ணுக்குச் சனி, டிரைவருக்கு ஞாயிறு, வாட்ச்மேனுக்குத் திங்கள் என்றும் சொல்ல வேண்டும். நேரடியாகச் சொல்லாமல் பேச்சோடு பேச்சாகக் காதில் விழ வைக்க வேண்டும். அண்ணனின் மனைவி இதைக் கச்சிதமாகச் செய்தார்.

வெள்ளிக்கிழமை காலை பத்தரைக்குத் தம்பி மண்டியின் கணக்குப்பிள்ளை, கிட்டங்கிக்கு எதிரே டீக்கடையில் உட்கார்ந்திருந்தார். பன்னிரண்டு வரை எழுந்திருக்கவில்லை. சனி, ஞாயிறு, திங்கள் யாரும் வரவில்லை.

அண்ணன் எனக்குப் போன் செய்தபோது குரலில் ஒரு நிம்மதி. எனக்கும் இருந்தது, மறைக்கவில்லை. யோசனை பலித்த சந்தோஷம்.

திருக்குறளின் ஒற்றாடல் அதிகாரத்தில் 589-ஆவது குறள், ஒருவரை ஒருவர் அறியாத மூன்று ஒற்றர்களின் சொல் ஒத்துப்போனால்தான் நம்பு என்கிறது. பள்ளியில் மனப்பாடம் செய்த குறள்தான். நாங்கள் ஒரு முறை சோதித்தோம், ஒரு விடை வந்தது, நிறுத்திக்கொண்டோம்.

வேலையை விட்டு அனுப்பியது

2023 நவம்பர் 7, தீபாவளிக்கு ஐந்து நாள் முன். சமையல்கார அம்மாவைக் கூடத்தில் நிற்க வைத்து அண்ணனும் மனைவியும் கேட்டார்கள். நானும் இருந்தேன். வக்கீல் இருந்தால் பயந்து உண்மையைச் சொல்வார் என்று அழைத்திருந்தார்கள்; நான் போயிருக்கக் கூடாது.

"சொன்னியா, சொல்லலியா?" அரை மணி நேரம் இந்த ஒரு கேள்விதான் வேறு வேறு வார்த்தைகளில். அவர் சொல்லவில்லை என்றார். போனைக் கேட்டார்கள், கொடுத்தார். அதில் ஒரே எண்ணுக்கு ஆறு அழைப்பு இருந்தது. அந்த எண்ணுக்கு அங்கேயே போட்டார்கள். அவருடைய மகளிர் சுயஉதவிக் குழுத் தலைவி எடுத்து, "என்னக்கா, தவணைக் காசு ரெடியா?" என்று கேட்டார். அப்போதாவது நிறுத்தியிருக்கலாம். "இது ஒரு நம்பர்தான், வேற போன் வச்சிருப்பா" என்றார் அண்ணனின் மனைவி.

அன்றுவரைக்கான சம்பளத்தைக் கணக்குப் பார்த்துக் கொடுத்தார்கள். தீபாவளிச் சேலையும் போனஸும் இல்லை. மாதம் 11,000 ரூபாய் வாங்கிக்கொண்டிருந்தவர். அடுத்த வாரத்தில் அண்ணனின் மனைவி பழக்கமான மூன்று வீடுகளுக்குப் போன் செய்து, இன்ன ஆள் வேலைக்கு வந்தால் சேர்க்காதீர்கள், வீட்டு விஷயத்தை வெளியே சொல்கிறவள் என்று எச்சரித்தார். நல்லெண்ணத்தில்தான். அந்த வட்டாரத்தில் மூன்று வீடு என்பது முப்பது வீடு.

விசாரிக்காமல் தீர்ப்புச் சொன்னதற்காக எரிந்த ஊர் என்று மதுரைக்கு ஒரு பழைய பெயர் உண்டு. அன்று அந்தக் கூடத்தில் அது எனக்கு நினைவு வரவில்லை.

மாட்டுப் பொங்கல்

இரண்டு மாதம் ஒன்றும் வெளியே போகவில்லை. அதுவே சாட்சி என்று எடுத்துக்கொண்டார்கள். உண்மையில் அந்த இரண்டு மாதமும் பாகப் பேச்சே நடக்கவில்லை, வெளியே போவதற்கு விஷயமும் இல்லை.

2024 ஜனவரி 16, மாட்டுப் பொங்கல். டிரைவர் ஜல்லிக்கட்டுக்காகப் பாலமேடு போய்விட்டார். வேலை பார்க்கும் பெண்ணுக்கும் வாட்ச்மேனுக்கும் விடுப்பு. புதிதாகச் சேர்ந்த சமையல்காரர் பொங்கலன்றே ஊருக்குக் கிளம்பிவிட்டார். அப்பத்தாவைத் தம்பி 15-ஆம் தேதி தன் வீட்டுக்கு அழைத்துப்போயிருந்தார், 17-ஆம் தேதிதான் கொண்டுவந்து விட்டார். ஆக வீட்டில் இருந்தது நான்கே பேர்: அண்ணன், மனைவி, மகன், மகள். சாயங்காலம் கூடத்தில் உட்கார்ந்து பேசினார்கள். கிட்டங்கியைத் தம்பிக்கு விட்டுக்கொடுத்துவிடலாம், ஆனால் அப்பா பெயரில் உள்ள கடைப் பெயரையும் பலகையையும் விடக்கூடாது என்று முடிவெடுத்தார்கள்.

19-ஆம் தேதி தம்பி தரப்பு வழக்கறிஞர் கோர்ட் வராந்தாவில் என்னைப் பார்த்து, "என்ன, உங்க கட்சிக்காரர் கிட்டங்கிய விட்டுட்டு பேர்ப்பலகைய மட்டும் பிடிச்சுக்கிறாராமே?" என்றார். எனக்கே அது தெரியாது. அண்ணன் அதை எனக்குச் சொன்னது 20-ஆம் தேதி.

அன்று ராத்திரி அண்ணன் தன் மகனைச் சந்தேகப்பட்டார். மகன் சித்தப்பாவோடு கிரிக்கெட் பார்க்கப் போனது, சித்தப்பா பைக் வாங்க உதவியது எல்லாம் ஞாபகத்துக்கு வந்தது. "சார், அவன் போனையும் பாத்துட்டேன்" என்று காலையில் சொன்னார். வேலையாட்கள் தீர்ந்ததும் சந்தேகம் படியேறி உள் அறைக்கு வந்துவிட்டது. எனக்கு அப்போதுதான் பயம் வந்தது.

ஒரு தாளும் ஒரு வீட்டு வாசலும்

அன்று முழுக்க உட்கார்ந்து, முதல் தடவையாக, வெளியே போன ஒவ்வொன்றையும் தாளில் எழுதினேன். என்ன பேசப்பட்டது, யார் யார் இருந்தார்கள், எங்கே, எத்தனை மணிக்கு, எதிர்த்தரப்புக்கு எந்த வடிவத்தில் போய்ச் சேர்ந்தது. அண்ணனையும் மனைவியையும் போனில் திரும்பத் திரும்பக் கேட்டேன்.

நாலரை என்ற எண் அதில் பிடிபட்டது. நிலத்துக்காரரிடமும் தரகரிடமும் எழுத்திலும் எல்லாம் நாலு அறுபதுதான். அண்ணன் ஒரே ஒரு இடத்தில்தான் "நாலரைக்கு முடியும் போல" என்று தோராயமாகச் சொல்லியிருக்கிறார். கூடத்து ஊஞ்சலில் உட்கார்ந்து மனைவியிடம். வரன் நாள் பேசியதும் கூடம். பேர்ப்பலகை பேசியதும் கூடம். மாடியில் அண்ணன் அறையில் வைத்துப் பேசிய வங்கிக் கடன் விஷயம் இதைவிடப் பெரிது, அது ஒரு துளிகூட வெளியே போகவில்லை.

அந்தக் கூடத்தைப் பற்றி வீட்டு ஆட்களைவிட அதிகம் தெரிந்தவர் ஒருவர்தான் இருந்தார். அவரைத்தான் அனுப்பிவிட்டோம்.

என் ஜூனியரான ஒரு பெண் வழக்கறிஞருடன் செல்லூரில் அவர் வீட்டுக்குப் போனேன். ஒரு மெஸ்ஸில் காய் நறுக்கும் வேலைக்குப் போய்க்கொண்டிருந்தார், நாள் கூலி 350 ரூபாய். உள்ளே கூப்பிடவில்லை. வாசலில் நின்றபடியே பேசினோம்.

"பதினஞ்சு மாசம் அங்க சமைச்சேன் சார். எல்லாரும் சேர்ந்து என்கிட்ட ஒரே கேள்வியத்தான் கேட்டீங்க" என்றார். நான் பதில் சொல்லவில்லை. சொல்ல ஒன்றுமில்லை. பிறகு, சாயங்காலம் ஆறு மணிக்கு மேல் அந்தக் கூடத்தில் யார் யார் எங்கே இருப்பார்கள், வரிசையாகச் சொல்ல முடியுமா அம்மா என்று கேட்டேன். கொஞ்ச நேரம் என்னையே பார்த்துவிட்டுச் சொல்ல ஆரம்பித்தார். பெரியவர் எட்டு மணிக்குத்தான் வருவார், ஊஞ்சலில் உட்காருவார். அவர் மனைவி மாடியில் விளக்கேற்றிவிட்டு ஏழு மணிக்கு இறங்குவார். மகள் வேலையிலிருந்து வர ஏழரை.

"ஆறு மணிக்கு அப்பத்தா மட்டுந்தான். கேமராவுக்கு எதுத்தாப்ல நாற்காலியப் போட்டு உக்காந்துக்குவாங்க. சின்னவரு போன் பண்ணுவாரு. இவங்க தலைய நிமித்தி மேல பாத்து 'தெரியுதாப்பா'ம்பாங்க. சேலைத் தலைப்பச் சரி பண்ணிக்குவாங்க. போன வைக்கிறப்ப மேல பாத்துக் கையாட்டுவாங்க."

இதை ஏன் அன்றைக்குச் சொல்லவில்லை என்று என் ஜூனியர் கேட்டார்.

"வீட்ல எல்லாருக்கும் தெரியும்னு நெனச்சேன். தவிர, அத யாரு கேட்டா?"

கேமரா

2019-இல் கூட்டுக்குடும்பமாக இருந்தபோது எட்டு சிசிடிவி கேமரா போட்டார்கள். இந்த மாதிரி வேலையெல்லாம் தம்பிதான் பார்ப்பார். கேமராப் படத்தைப் பதியும் பெட்டியான டிவிஆரைச் செல்போன் செயலியில் சேர்த்தது அவர் எண்ணில். இந்தச் செயலிகள் பலவற்றில் ஒரு டிவிஆரை ஒரு கணக்கில்தான் சேர்க்க முடியும். மற்றவர்களுக்கு அதிலிருந்து பகிரலாம், அவ்வளவுதான். அண்ணன் போனில் இருந்தது அந்தப் பகிர்ந்த இணைப்பு. தம்பி வீடு மாறியபோது பீரோவைப் பிரித்தார்கள், பாத்திரத்தைப் பிரித்தார்கள், கேமராக் கணக்கை யாரும் நினைக்கவில்லை. தினமும் தன் போனில் படம் வந்ததால் அண்ணன் அதைத் தன்னுடையது என்றே எண்ணியிருந்தார்.

வேறொரு டெக்னீஷியனை வரவழைத்தோம். எட்டில் ஏழு கேமராவில் மைக் இல்லை. கூடத்துக் கேமராவில் இருந்தது, ஒலி ஆன் செய்யப்பட்டிருந்தது. ஊஞ்சலும் சாப்பாட்டு மேசையும் அதற்கு நேர் கீழே. டிவிஆரின் பதிவுப் பக்கத்தில் வெளியிலிருந்து யார் எப்போது திறந்தார்கள் என்ற குறிப்பு கிடைத்தது. பழையது அழிந்துவிட்டது, ஜனவரி முழுக்க இருந்தது. தினமும் ஆறு மணி வாக்கில் பத்து நிமிடம். 16-ஆம் தேதி மட்டும் சாயங்காலம் நாற்பது நிமிடம்.

என் தூண்டில் சோதனை ஏன் பொய் சொன்னது என்பதும் அப்போது விளங்கியது. சமையல்கார அம்மாவிடம் "வெள்ளிக்கிழமை விருந்தாளி" என்று சொன்னது மளிகை லிஸ்ட் எழுதும்போது, சாப்பாட்டு மேசையில். வேலை பார்க்கும் பெண்ணிடம் சனி என்று சொன்னது கொல்லைப்புறத்துத் துவைக்கிற கல்லில். டிரைவரிடம் காருக்குள், வாட்ச்மேனிடம் கேட்டில். ஆளுக்கு ஒரு தேதி மாற்றினோம். கூடவே ஆளுக்கு ஓர் இடமும் மாறியதை நான் பார்க்கவில்லை. அந்தச் சோதனை ஆளைப் பிடிக்கவில்லை, மேசையைப் பிடித்தது.

எடுத்த முடிவுகள்

அண்ணன் சைபர் கிரைமில் புகார் கொடுக்கத் துடித்தார். தகவல் தொழில்நுட்பச் சட்டம் 2000-இன் 43, 66 பிரிவுகளின் கீழ் உரிமையாளர் அனுமதியில்லாமல், நேர்மையற்ற அல்லது மோசடி நோக்கத்தோடு கணினி அமைப்பில் நுழைவது குற்றம்; மூன்று வருடம் வரை சிறை, ஐந்து லட்சம் வரை அபராதம். ஆனால் கணக்கு தம்பி பெயரில், டிவிஆர் கூட்டுக் குடும்பப் பணத்தில் வாங்கியது, பாகம் இன்னும் பிரியவில்லை. இரண்டு பக்கமும் வாதாட இடம் உண்டு, வருடக் கணக்கில் இழுக்கும். அதைவிட முக்கியம், அப்பத்தா சாட்சிக் கூண்டில் ஏற வேண்டியிருக்கும். புகார் வேண்டாம், நேரில் வைத்துப் பேசுவோம் என்றேன். ஒரு நாள் யோசித்துச் சரி என்றார்.

பிப்ரவரியில் என் அலுவலகத்தில் இரு தரப்பும், இரு வழக்கறிஞர்களும், அப்பத்தாவும். தம்பி மறுக்கவில்லை. அம்மாவைப் பார்க்கத்தான் அதை விட்டுவைத்தேன், வீடு மாறினதிலிருந்து அவர் ஏங்குகிறார் என்றார். அப்பத்தா தலையாட்டினார். அறையில் இருந்த எல்லோருக்கும் அது உண்மை என்றே பட்டது, உண்மையும்கூட. அப்புறம் அண்ணன் பதிவுத் தாளைத் திருப்பி அவர் பக்கம் தள்ளினார்.

"மாட்டுப் பொங்கலன்னைக்கு அம்மா உன் வீட்லதானடா இருந்தாங்க?"

வெகு நேரம் கழித்துத் தம்பி சொன்னார்: "ஒரு நாள் அம்மாவப் பாத்துட்டு ஆஃப் பண்ணப் போனப்ப, மதினி என்னைப் பத்திப் பேசினது காதுல விழுந்துச்சு. அதுக்கப்புறம்தான்."

அப்பத்தாவுக்குச் சத்தமும் போகும் என்பது தெரிந்திருக்கவில்லை. "படந்தான் தெரியும்னு நெனச்சேன்" என்று திரும்பத் திரும்பச் சொன்னார். ஆஞ்சியோ விஷயம் மட்டும் கேமரா வழியாகப் போகவில்லை. "அத நான்தான் சொன்னேன். அவன் தம்பி இல்லையா? அண்ணனுக்கு நெஞ்சு வலின்னா சொல்லாம இருப்பாகளா?" என்றார். டிரைவரும் அன்று ஆஸ்பத்திரி வாசலில் காத்திருந்தபோது மச்சானிடம் சொல்லியிருக்கிறார் என்பது பின்னால் தெரிந்தது. இரண்டிலுமே வேவு எதுவுமில்லை.

என் மேசையிலேயே தம்பி தன் கணக்கிலிருந்து டிவிஆரை நீக்கினார். ஐந்து நிமிட வேலை.

என்ன ஆனது

பாகப்பிரிவினைப் பத்திரம் 2024 ஜூனில் பதிவானது. பேர்ப்பலகை அண்ணனுக்கு, கிட்டங்கி தம்பிக்கு. நத்தம் சாலை நிலம் போனது போனதுதான். மகளுக்கு வேறு இடத்தில் முடிந்தது. கூடத்துக் கேமராவைக் கழற்றிவிட்டு, அப்பத்தாவுக்கு வீடியோவில் பேச ஒரு போன் வாங்கிக் கொடுத்தார்கள். தடவிப் பழக அவருக்கு ஒரு மாதம் ஆனது.

சமையல்கார அம்மா வீட்டுக்கு அண்ணனின் மனைவி என்னோடு வந்தார். ஒரு மாதச் சம்பளம், தீபாவளி போனஸ், ஒரு பட்டுச் சேலை. அவர் பணத்தை எண்ணி வாங்கிக்கொண்டார். "இது எனக்குச் சேர வேண்டியது. சேலை வேண்டாங்கம்மா." திரும்ப வேலைக்கு வரச் சொன்னதற்கு மாட்டேன் என்றார். ஆனால் ஒன்று கேட்டார்: அந்த மூன்று வீட்டுக்கும் போன் போட்டு, தப்பு எங்கள் மேல்தான் என்று தன் எதிரிலேயே, ஸ்பீக்கரில் சொல்ல வேண்டும். அண்ணனின் மனைவிக்கு முகம் சிவந்தது. சொன்னார். மூன்றாவது வீட்டில், "ஓ, அப்படியா, சரி சரி" என்று வைத்துவிட்டார்கள். இப்போது அவர் வேறு இரண்டு வீடுகளில் சமைக்கிறார். 2007-இல் அமைந்த தமிழ்நாடு வீட்டுப் பணியாளர் நல வாரியத்தில் அவர் பதிவு செய்திருக்கவில்லை. என் ஜூனியர் உடன் போய்ப் பதிந்துவந்தார்.

நான் எதிர்பார்க்காதது மார்ச்சில் நடந்தது. பதினான்கு வருடம் இருந்த பெண் வேலையை விட்டுவிட்டார். அவர்மேல் யாரும் ஒரு வார்த்தை சொன்னதில்லை. சனிக்கிழமை விருந்தாளி என்று துவைக்கிற கல்லில் தனக்குச் சொன்னது எதற்கு என்பது எப்படியோ அவருக்குத் தெரிந்துவிட்டது. "அப்ப என்னையும் சோதிச்சுத்தானக்கா பாத்தீங்க" என்று கேட்டுவிட்டுப் போனதாக அண்ணனின் மனைவி சொன்னார். அவர் அழுததை இந்த விவகாரத்தில் நான் பார்த்தது அந்த ஒரு தடவைதான்.

மறுபடி வந்தால்

இதே போல் ஒருவர் என் மேசைக்கு வந்து "யாருன்னு கண்டுபிடிங்க" என்றால், முதலில் அந்தத் தாளை எழுதச் சொல்வேன். போய்ச் சேர்ந்த செய்தியில் என்ன தப்பு இருக்கிறது என்று தனியாகப் பார்ப்பேன், ஏனென்றால் சரியான செய்தி பத்து வழியில் போயிருக்கலாம், நாலரை போன்ற தப்பு ஒரு வழியில்தான் போயிருக்கும். வெளியே போகாத விஷயங்களையும் எழுதச் சொல்வேன். மாடி அறையின் அமைதிதான் இங்கே பாதி விடை.

குடும்பம் பிரியும்போது கேமரா, வைஃபை, வங்கிச் செயலி, கேஸ் இணைப்பு, மின்வாரியக் கணக்கு எந்தெந்த எண்ணில் இருக்கிறது என்று ஒரு பக்கம் எழுதி வாங்குவதை இப்போது எல்லாப் பாகப்பிரிவினையிலும் செய்கிறேன். நகையையும் பாத்திரத்தையும் எண்ணுகிறவர்கள் இதை எண்ணுவதில்லை.

தூண்டில் சோதனை இனி என் யோசனையாக இருக்காது. யாராவது செய்தே தீருவேன் என்றால், நான்கு பேருக்கும் ஒரே இடத்தில், வேறு வேறு நாளில், இரண்டு தடவையாவது செய்யச் சொல்வேன். வேலையாளைக் கூடத்தில் நிறுத்தி விசாரிக்கும்போது நான் அந்த வீட்டில் இருக்க மாட்டேன்.

சோதனைக்கு ஆளானவர்களிடம் பிறகு சொல்ல வேண்டுமா என்பதில் நானும் அண்ணனும் இன்னும் ஒத்துப்போகவில்லை. சொல்ல வேண்டும் என்கிறேன் நான். இருக்கிற ஆளும் போய்விடுவார் என்கிறார் அவர். வாட்ச்மேன் வேறு வேலைக்குப் போய்விட்டார். டிரைவர் இப்போதும் அந்தக் காரைத்தான் ஓட்டுகிறார். அவரிடம் இதுவரை யாரும் சொல்லவில்லை.